பாவியின் எலும்பும் தேவாங்கு நாடும்

1726-ல் சூரிச் நகரத்து மருத்துவர் யோஹான் யாகோப் ஷாய்க்சர் ஒரு கல்பலகையின் படத்தை அச்சிட்டு வெளியிட்டார். கான்ஸ்டன்ஸ் ஏரிக்குப் பக்கத்தில் ஓனிங்கன் என்ற ஊரின் கல்குவாரியில் கிடைத்தது அது. அகலமான மண்டை, இரண்டு பெரிய கண்குழிகள், கீழே வரிசையாக முதுகெலும்பு. பின்கால்களும் வாலும் பலகையில் இல்லை. அவர் அதற்கு லத்தீனில் வைத்த பெயரைத் தமிழில் சொன்னால், 'பெருவெள்ளத்துக்குச் சாட்சியான மனிதன்'. நோவா காலத்து வெள்ளத்தில் மூழ்கிச் செத்த பாவிகளில் ஒருவன் இதோ எலும்பாகக் கிடக்கிறான் என்றார்.

செத்தது மனிதன் இல்லை. ஒரு மீட்டர் நீளமுள்ள ராட்சத சாலமாண்டர். பார்க்கப் பல்லி மாதிரி இருக்கும், உறவு தவளையோடு. ஈரத்தோல், தண்ணீரில் முட்டை, நீண்ட வால். இந்தியாவில் இந்த வகையறா டார்ஜிலிங் பக்கமும் வடகிழக்கு மலைகளிலும் மட்டும்தான் உண்டு என்பதால் தமிழில் இதற்குப் புழக்கத்தில் பெயரே கிடையாது. ஓனிங்கன் பிராணி வாழ்ந்தது சுமார் 1 கோடியே 30 லட்சம் ஆண்டுகளுக்கு முன்னால். அதன் நெருங்கிய சொந்தங்கள் இன்றும் ஜப்பானிலும் சீனாவிலும் ஆற்றுப் பாறைக்கு அடியில் கிடக்கின்றன.

தாமிரபரணிக் கரையில் இருந்துகொண்டு இந்த சுவிட்சர்லாந்துக் கதையை எதற்கு எடுக்கிறேன் என்று கேட்கலாம். நம்மிடமும் ஒரு பெருவெள்ளம் இருக்கிறது, ஒரு மூழ்கிய நாடு இருக்கிறது. அதற்குச் சாட்சி தேடும் அவசரத்தில், பூமிக்கு அடியிலிருந்து எது கிடைத்தாலும் அதை மனிதனாக்கி, அந்த மனிதனைத் தமிழனாக்கி, மேடையில் ஏற்றிவிடுகிறோம். ஆதிச்சநல்லூரில் ஒரு தாழி திறந்தால் போதும், மறுநாள் வாட்ஸ்அப்பில் 'குமரிக்கண்டம் நிரூபணம்' என்று வந்துவிடும். இந்த வியாதிக்கு முதலில் பேர் வாங்கிய நோயாளி ஷாய்க்சர். அதனால்தான் அவர்.

அவரை மடையர் என்று ஒதுக்கிவிட்டால் விஷயம் புரியாமல் போய்விடும். புதைபடிவங்கள் என்பவை கல்லுக்குள் தானாக விளைந்த உருவங்கள், இயற்கையின் விளையாட்டு என்று படித்தவர்களே நம்பிக்கொண்டிருந்த காலம் அது. இல்லை, அவை ஒருகாலத்தில் உயிரோடு இருந்தவை என்று வாதாடிய கட்சியில் ஷாய்க்சர் முன்வரிசை. 1708-ல் ஒரு புத்தகம் எழுதினார். அதில் கல்லாய்ப்போன மீன்களே வாய்திறந்து முறையிடும்: மனிதர்கள் செய்த பாவத்துக்கு வந்த வெள்ளத்தில் நாங்கள் செத்தோம், எங்களைப் போய் வெறும் கல் என்கிறீர்களே என்று. 1709-ல் செடிகொடிகளின் படிவங்களுக்கு ஒரு தனி நூல். ஆல்ப்ஸ் மலையில் ஏறி இறங்கி அளந்தவர். அன்றைய கணக்கில் அவர் முற்போக்கு.

மீன் கிடைத்துவிட்டது, செடி கிடைத்துவிட்டது. வெள்ளம் வந்ததே மனிதனின் பாவத்துக்காக. அந்த மனிதனைத்தான் காணோம். இந்தக் குறை அவரை அரித்தது. முன்பே ஒருமுறை, ஜெர்மனியின் ஆல்ட்டார்ஃபில் கிடைத்த முதுகெலும்புத் துண்டுகளை மனித எலும்பு என்று சொல்லியிருந்தார். அவை கடல்வாழ் ஊர்வனவான இக்தியோசரின் எலும்புகள் என்று பிற்பாடு தெரிந்தது. ஓனிங்கன் பலகை வந்தபோது அவருக்கு அதில் எதையும் தேட வேண்டியிருக்கவில்லை. பதில் கையில் தயார். ஆயிரக்கணக்கான மனித உடல்களைப் பார்த்திருக்கக்கூடிய ஒரு மருத்துவர், அந்த மண்டையின் அகலத்தைக் கூட கவனிக்காமல் போனார் என்றால், கண் பார்த்ததை மனசு பார்க்கவிடவில்லை என்றுதான் சொல்ல வேண்டும்.

பிறகு ஒருவர் அதைக் கெளுத்தி இன மீன் என்றார், இன்னொருவர் பல்லி என்றார். பலகை 1802-ல் நெதர்லாந்தின் ஹார்லெம் நகரத்து டெய்லர்ஸ் அருங்காட்சியகத்துக்கு விலைக்குப் போனது. 1811-ல் பிரெஞ்சு உடற்கூற்றியலாளர் கூவியே அங்கே வந்தார். சாலமாண்டர் எலும்புக்கூட்டின் படத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டார். இது சாலமாண்டர் என்றால் கல்லுக்குள் இந்த இடத்தில் முன்கால் இருக்க வேண்டும் என்று முதலில் சொல்லிவிட்டு, அப்புறம் ஊசியால் கல்லைச் சுரண்டினார். சொன்ன இடத்தில் முன்கால்கள் வெளியே வந்தன. இந்த வரிசை முக்கியம். எது கிடைத்தால் என் கட்சி ஜெயிக்கும், எது கிடைத்தால் தோற்கும் என்பதைக் கல்லைத் தொடும் முன்பே சொன்னார். 1837-ல் அந்தப் பேரினத்துக்கு ஆண்ட்ரியாஸ் என்று பெயர் வைத்தார்கள். கிரேக்கத்தில் 'மனித உருவம்' என்று பொருள். கேலியும் மரியாதையுமாக ஷாய்க்சர் பெயரையும் பின்னால் ஒட்டினார்கள்: ஆண்ட்ரியாஸ் ஷாய்க்சரி.

இனி நம்ம வீட்டுக் கதை.

1864-ல் பிலிப் ஸ்க்ளேட்டர் என்ற ஆங்கிலேய விலங்கியலாளர் மடகாஸ்கரின் பாலூட்டிகளைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். மடகாஸ்கரில் லெமூர்கள் நிறைய. அவற்றின் சொந்தங்கள் இந்தியாவிலும் இலங்கையிலும் இருக்கின்றன. நடுவே பெருங்கடல். இவை எப்படி நீந்திப் போயிருக்கும்? நடுவில் ஒரு நிலம் இருந்து மூழ்கியிருக்க வேண்டும் என்று ஊகித்து, அந்த நிலத்துக்கு லெமூரியா என்று பேர் வைத்தார். கண்டங்கள் நகரும் என்று யாருக்கும் தெரியாத காலத்தில் இது ஒன்றும் மோசமான ஊகம் இல்லை.

இந்தியாவிலும் இலங்கையிலும் இருக்கும் அந்தச் சொந்தம் எது தெரியுமா? தேவாங்கு. 'தேவாங்கு மாதிரி முழிக்காதல' என்று நாம் திட்டுகிறோமே, அதே தேவாங்கு. இன்னொன்றும் சொல்கிறேன். லெமூர் என்ற பெயரை 1754-ல் லின்னேயஸ் முதலில் வைத்தபோது அதற்குள் அடங்கிய பிராணி இலங்கையின் தேவாங்குதான். ராத்திரியில் மெதுவாக ஊர்ந்து திரிவதால், ரோமானியரின் பேய்ப் பெயரை அதற்குக் கொடுத்தார். ஆக, லெமூரியா என்பதை நேராகத் தமிழில் எழுதினால் தேவாங்கு நாடு. அந்த நாட்டின் உண்மையான பிரஜை இன்றைக்கும் முண்டந்துறைக் காட்டில் ராத்திரி மரக்கிளையில் பூச்சி பிடித்துக்கொண்டிருக்கிறது. நாம் அதை வெளியேற்றிவிட்டு அந்தப் பட்டாவை நம் பெயருக்கு மாற்றி எழுதிக்கொண்டோம்.

மாற்றி எழுதிய முதல் ஆள் தமிழன் இல்லை. ஜெர்மனியின் ஹெக்கல், மனித இனம் தோன்றிய தொட்டிலே லெமூரியாவாக இருக்கலாம் என்று எழுதினார். அது 1885-ல் மதராஸ் ராஜதானியின் நிர்வாகக் கையேட்டுக்குள் வந்தது. அங்கிருந்து தமிழறிஞர்கள் கைக்கு வந்தபோது, நம்மிடம் ஏற்கெனவே ஒரு பழைய நினைவு இருந்தது. இறையனார் அகப்பொருள் உரை, கடல் கொண்ட தென்மதுரையையும் கபாடபுரத்தையும் சொல்கிறது. மூன்று சங்கங்களுக்கும் 4,440, 3,700, 1,850 ஆண்டுகள் என்று கணக்கும் தருகிறது. சிலப்பதிகார உரையில் அடியார்க்கு நல்லார், பஃறுளிக்கும் குமரிக்கும் நடுவே 49 நாடுகள் இருந்தன என்கிறார். இந்த நினைவை நான் கேலி செய்ய மாட்டேன். கடலோரச் சமூகம் ஒன்று கடலுக்கு நிலத்தை இழந்திருக்கிறது என்பது அதில் தெரிகிறது. கோளாறு எங்கே என்றால், அந்த உரைகளின் கடற்கோளையும் ஸ்க்ளேட்டரின் தேவாங்கு நிலத்தையும் ஒட்டுப்போட்டு ஒரே கண்டமாகத் தைத்ததில். இருபதாம் நூற்றாண்டில் அது பாடப்புத்தகத்துக்குள் நுழைந்து, வரைபடமும் பெற்றுவிட்டது. வரைபடம் வந்துவிட்டால் அப்புறம் யார் கேள்வி கேட்பது?

நிலவியல் சொல்வதைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன், பனியுகத்தின் உச்சத்தில், கடல்மட்டம் இன்றைக்கு விட ஏறக்குறைய 120 மீட்டர் கீழே இருந்தது. மன்னார் வளைகுடாவின் ஆழமில்லாத பகுதி தரையாகக் கிடந்தது, இலங்கை ஒட்டிக்கொண்டிருந்தது, கன்னியாகுமரிக்குத் தெற்கே இப்போது மீனவர்கள் போகிற வாட்ஜ் திட்டுப் பக்கம் நிலம் நீண்டிருந்தது. பனி உருகக் கடல் ஏறியது. அவ்வளவு நிலம் மூழ்கியது உண்மை. அதைத் தாண்டினால் ஆயிரக்கணக்கான மீட்டர் ஆழம். அங்கே மூழ்கிய கண்டம் இல்லை. நிலவியலாளர் சு. கி. ஜெயகரன் 2002-லேயே 'குமரி நில நீட்சி' என்ற நூலில் இதைப் பொறுமையாக விளக்கிவிட்டார். மறுக்க வேண்டியவர்கள் மறுத்தார்களா? படிக்கவே இல்லை என்றுதான் நினைக்கிறேன்.

எனக்கு அதைவிட ஆச்சரியம், இந்தத் தாமிரபரணிப் பள்ளத்தாக்கு கொடுக்கும் சாட்சியத்தை இந்த ஊர்க்காரர்களே கேட்க மறுப்பது. கொற்கைக்குப் போய்ப் பாருங்கள். முத்துக்குப் பேர்போன பாண்டியர் துறைமுகம். இன்று கடலிலிருந்து 6–7 கிலோமீட்டர் உள்ளே, வயலுக்கும் வாழைக்கும் நடுவில் கிடக்கிறது. கடல் கொற்கையை விழுங்கவில்லை, விட்டுவிட்டு விலகிப்போனது. ஆறு கொண்டுவந்த வண்டல் முகத்துவாரத்தைத் தூர்த்துக்கொண்டே போக, துறைமுகம் கொற்கையிலிருந்து காயலுக்கு நகர்ந்தது. மார்க்கோ போலோ எழுதிய காயல் அதுதான். பிறகு அதுவும் தூர்ந்து, தொழில் தூத்துக்குடிக்குப் போனது. இடையன்குடியில் இருந்த கால்டுவெல் கொற்கையில் தோண்டிப் பார்த்து, 1881-ல் வந்த திருநெல்வேலி சரித்திரத்தில் இதை எழுதியிருக்கிறார். நம் ஆற்றின் கதை, நிலம் கடலுக்குள் வளர்ந்த கதை. மூழ்கிய கண்டத்துக்குச் சாட்சி தேடுகிறவர்கள் நிற்கிற மண்ணே, எதிர்த்தரப்புச் சாட்சி.

இதைச் சொன்னால் ஒரு குரல் எழும். எனக்கே நேரில் சொல்லியிருக்கிறார்கள்: "என்னவே, நீரும் நம்ம ஊர்க்காரர்தானே? வடக்க சரஸ்வதி நதியத் தேடி ஊரெல்லாம் தோண்டுதான். அவன ஒருத்தனும் கேக்கல. நம்மாளு நாலு வார்த்த பெருமையா சொன்னா உமக்குப் பொறுக்கலயோ?"

அண்ணாச்சி, அவன் செய்வதும் இதேதான். வேதத்தில் இருக்கும் ஆற்றுக்குக் காய்ந்த ஓடையைச் சாட்சியாக நிறுத்துகிறான். அவன் வியாதியைக் காட்டி நம் வியாதியை ஆரோக்கியம் என்று சொல்ல முடியாது. அதுவும் போக, நம்மிடம் உண்மையான சரக்கு இருக்கிறது. சரக்கு உள்ளவன் எதற்குக் கள்ளச் சீட்டு அடிக்க வேண்டும்?

ஆதிச்சநல்லூரையே எடுத்துக்கொள்வோம். 1876-ல் ஜெர்மானியர் யாகோர் தோண்டி, பொருட்களை பெர்லினுக்குக் கொண்டுபோனார். 1899 முதல் 1905 வரை அலெக்சாண்டர் ரீ தோண்டினார்: தாழிகள், இரும்பு, வெண்கலம், நெற்றியில் கட்டும் பொன்பட்டம். மண்டையோடுகளை ஸக்கர்மேன் அளந்து 1930-ல் மதராஸ் அருங்காட்சியகத்தின் வெளியீடாகக் கட்டுரை எழுதினார். மண்டையின் நீள அகலத்தை வைத்து இனம் பிரிப்பது அந்தக் காலத்து வழக்கம்; இன்று அறிவியல் கைவிட்ட வழக்கம். ஆனால் நம் பத்திரிகைகளுக்கு அது இன்னும் இனிக்கிறது. 2004-க்குப் பிறகும் அந்த எலும்புகளை இனவாரியாகப் பிரித்துச் சதவீதம் போட்ட செய்திகள் வந்தன. உடனே மேடையில், 'உலகத்து இனங்கள் எல்லாம் கூடி வாழ்ந்த முதல் ஊர்' என்று முழக்கம். ஷாய்க்சரின் பலகைக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்? அவர் சாலமாண்டரில் மனிதனைப் பார்த்தார். நாம் மனிதனிடமே மனிதனைப் பார்க்காமல் 'இனத்தை'ப் பார்க்கிறோம். அந்தத் தாழிக்குள் கிடந்தவர் என்ன சாப்பிட்டார், எந்த நோயில் செத்தார், பல் ஏன் தேய்ந்திருக்கிறது, எந்த ஊர்த் தண்ணீர் குடித்து வளர்ந்தார்? இவற்றுக்கெல்லாம் எலும்பு பதில் சொல்லும். யாரும் கேட்டால்தானே.

இன்னொரு பக்கமும் உண்டு, அதையும் விட்டுவைக்கக் கூடாது. 2004–05-ல் மத்தியத் தொல்லியல் துறை அங்கே தோண்டியது. நூற்றுக்கும் மேற்பட்ட தாழிகள் கிடைத்தன. அந்த அகழாய்வின் மாதிரிகள் காலக்கணிப்புக்குப் போய், கி.மு. 905, கி.மு. 696 என்ற இரண்டு தேதிகள் வெளியே தெரிந்தது 2019-ல், அதுவும் உயர்நீதிமன்ற மதுரைக் கிளையில் வழக்கு நடந்தபோது. ரெண்டு தேதிக்கு 15 வருஷம்! அறிக்கை வராத இந்த இடைவெளியில்தான் குமரிக்கண்டம் முளைக்கிறது. அறிஞர்கள் பேசாமல் இருந்தால் அந்த இடத்தை வாட்ஸ்அப் நிரப்பும். கற்பனை செய்பவர்களைத் திட்டுகிற நான், தரவைப் பூட்டிவைத்தவர்களை அதைவிட ஒரு பங்கு கூடவே திட்டுவேன்.

ஊசியை எடுத்தவர்களும் நம்மிடையே இருக்கிறார்கள். சிவகளையில் தாழிக்குள் கிடந்த நெல்லின் காலம் கி.மு. 1155 என்று 2021-ல் அறிவித்தார்கள். 2025 ஜனவரியில், அங்கே இரும்பின் காலம் கி.மு. நான்காம் ஆயிரமாண்டு வரை பின்னால் போகிறது என்று அறிக்கை வந்தது. மாதிரிகள் ஒன்றுக்கு மேற்பட்ட ஆய்வகங்களுக்குப் போயிருந்தன. இதை இன்னும் பலர் சோதிக்க வேண்டும், சோதிப்பார்கள். தேறினால் உலகத்து இரும்பின் வரலாற்றையே திருத்தி எழுத வேண்டிவரும். அப்படி ஒரு பெரிய செய்தியைக் கையில் வைத்துக்கொண்டு, அதே வாரத்தில் 'அப்போ குமரிக்கண்டமும் உண்மைதான்' என்று சேர்த்துப் பேசியவர்களை என்ன சொல்ல? உலை எரிந்ததற்கும் கண்டம் மூழ்கியதற்கும் என்ன சம்பந்தம்? வெளியூர்க்காரன் ஒருவன் இரண்டையும் சேர்த்துக் கேட்டால், இரண்டையும் சேர்த்தே ஒதுக்கிவிடுவான். நஷ்டம் சிவகளைக்கு.

பெரம்பலூர் குன்னத்தில் 2020 அக்டோபரில் நடந்தது ஞாபகம் இருக்கலாம். குளத்தைத் தூர்வாரும்போது உருண்டை உருண்டையாகக் கற்கள். டைனோசர் முட்டை என்று ஊரே திரண்டது. கடைசியில் அவை அம்மோனைட் என்ற கடல் உயிரியைச் சுற்றி இறுகிய படிவங்கள் என்றார்கள். 'ப்சு, முட்டை இல்லையா' என்று கூட்டம் கலைந்துவிட்டது. பெரம்பலூரில் கடல் இருந்திருக்கிறது என்பதற்கான ஆதாரம் கையில் கிடைத்ததில் யாருக்கும் சந்தோஷமில்லை. கண்டகி ஆற்றிலிருந்து வரும் அம்மோனைட்டுக்குச் சாளக்கிராமம் என்று பேர் சொல்லிப் பூஜையறையில் வைக்கிறவர்கள் நாம்.

மூழ்கிய நிலத்தில் அத்தனை ஆசை இருப்பவர்களுக்கு ஒரு நிஜக் கதை சொல்கிறேன். 2003-ல் பிஜுவும் பாசுய்ட்டும் கேரளத்து இடுக்கியில் ஒரு தவளையை விவரித்தார்கள். ஊதா நிறம், உப்பிய உடம்பு, பன்றி மூக்கு. வருஷத்தில் சில நாட்கள் தவிர மண்ணுக்கு அடியிலேயே கிடந்து கறையான் தின்னும். அதன் மிக நெருங்கிய உறவினர் எங்கே இருக்கின்றன என்றால், இந்தியப் பெருங்கடலின் நடுவே செஷல்ஸ் தீவுகளில். கண்டம் மூழ்கவில்லை, பிளந்து நகர்ந்தது. இந்தியா மடகாஸ்கரைப் பிரிந்து சுமார் 9 கோடி ஆண்டு ஆகிறது, செஷல்ஸைப் பிரிந்து சுமார் ஆறரைக் கோடி ஆண்டு. மனிதன் என்ற ஜீவன் அந்தப் படத்திலேயே இல்லை. ஸ்க்ளேட்டர் கேட்ட கேள்வி போன்ற ஒன்றுக்குத் தவளை வழியாகக் கிடைத்த விடை இது. 2017-ல் அதன் உடன்பிறப்பு ஒன்றை ஸ்ரீவில்லிபுத்தூர் பக்கத்து மலையில், நம் பொதிகைக்கு வடக்கே அதே மலைத்தொடரின் கிழக்குச் சரிவில், கண்டுபிடித்து, கோவையில் பணியாற்றிய ஊர்வன ஆய்வாளர் பூபதியின் நினைவாகப் பெயர் வைத்தார்கள். தமிழ்நாட்டு மலைத் தவளை, தமிழ்நாட்டு விஞ்ஞானியின் பெயர், கோடிக்கணக்கான வருஷத்துக்கு முந்திய நிலத்தின் நினைவு. எத்தனை பட்டிமன்றத்தில் இதைப் பற்றிக் கேட்டிருக்கிறீர்கள்?

2023 டிசம்பரில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் மழை கொட்டியது. ஸ்ரீவைகுண்டத்தில் ரயில் நின்றுபோய், நூற்றுக்கணக்கான பயணிகள் வெள்ளத்துக்கு நடுவே மாட்டிக்கொண்டார்கள். இந்த ஆறு இதற்கு முன் எத்தனை முறை இப்படிப் பொங்கியது, எவ்வளவு காலத்துக்கு ஒருமுறை, எந்த ஊர் வரை? பதில் கரையோர வண்டல் அடுக்குகளில் இருக்கிறது. கடல்கொண்ட தென்மதுரைக்கு மாநாடு போடுகிறவர்கள், இந்த மண்ணை அடுக்கடுக்காக எடுத்துப் படிக்க நாலு மாணவர்களுக்கு உதவித்தொகை கொடுத்தால், ஏரல்காரனுக்கு அடுத்த வெள்ளத்திலாவது உபயோகப்படும்.

ஹார்லெமில் அந்தப் பலகை இன்னும் காட்சிக்கு இருக்கிறது. தூக்கி எறியவில்லை, ஒளிக்கவில்லை. ஷாய்க்சர் என்ன சொன்னார், கூவியே எங்கே சுரண்டினார் என்பதோடு சேர்த்தே அதைப் பார்க்கலாம்.

நெல்லையில் ரெட்டியார்பட்டி மலைப் பக்கம் பொருநைக்கு என்று ஓர் அருங்காட்சியகம் எழும்பியிருக்கிறது. ஆதிச்சநல்லூரில் கண்ணாடித் தளத்துக்குக் கீழே தாழிகளைக் கிடந்த இடத்திலேயே பார்க்கலாம். நல்ல காரியம். அங்கே ஒரு சுவரை மட்டும் எனக்குக் கொடுத்தால், கொற்கையிலிருந்து காயல் வழியாகப் புன்னக்காயல் வரை கடற்கரை நகர்ந்த வரைபடத்தைப் பெரிதாக மாட்டுவேன். பக்கத்தில் எந்தத் தேதி எந்த ஆய்வகத்தில் வந்தது, எது இன்னும் சந்தேகத்தில் இருக்கிறது என்று பிள்ளைகளுக்குப் புரிகிற எழுத்தில் ஒரு பட்டியல். மூலையில், ராத்திரியில் எடுத்த ஒரு புகைப்படம்: கிளையைப் பற்றிக்கொண்டு, இரண்டு பெரிய கண்ணோடு. கீழே 'லெமூரியாவின் குடிமகன், முண்டந்துறை' என்று எழுதினால் போதும்.